அக்கிலீஸின் குதிகால்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

தங்கள் சிறுவர் பக்கத்தில் வந்த கிரேக்க வீரன் அக்கிலீஸ் கதையைப் பேத்திக்கு வாசித்துக் காட்டினேன். ஆயுதம் துளைக்காத உடம்பு கிடைக்கட்டும் என்று தாய் தீட்டிஸ் அவனைக் குழந்தையாக ஸ்டிக்ஸ் ஆற்றில் முக்கியபோது, பிடித்திருந்த குதிகால் மட்டும் நனையவில்லை என்றதும், "நம்ம துரியோதனன் தொடை மாதிரியா தாத்தா?" என்றாள். பென்னாகரம் பக்கம் பாரதக் கூத்து பார்த்து வளர்கிற பிள்ளை. துரியோதனன் மாளும் படுகளத்தன்று மண்ணில் செய்து கிடத்திய அவன் உருவத்தை என் தோளில் உட்கார்ந்து பார்த்தவள். தாய் காந்தாரியின் பார்வை படாததால் உறுதி பெறாத இடம் அந்தத் தொடை என்பார்களே! எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது.

சரி, ஒரு திருத்தம். இதை கிரேக்கக் கவிஞர் ஹோமர் பாடியதாகப் போட்டிருக்கிறீர்கள். டிராய் போரைப் பற்றி அவர் பாடிய இலியத் காவியத்தில் குதிகால் கதையே இல்லை. அதன் 21ஆம் பாகத்தில் ஈட்டி கீறி அக்கிலீஸின் வலக்கையில் ரத்தம் வருகிறது. ஆற்றில் முக்கியெடுத்த கதை கி.பி. முதல் நூற்றாண்டு ரோமக் கவிஞர் ஸ்டாட்டியஸிடம்தான் வருகிறது. போரில் நின்றால் சாவு நிச்சயம் என்று தாய் சொல்லியும் நின்றவன் ஹோமரின் அக்கிலீஸ். பிள்ளைகளுக்கு அவனைக் காட்டுங்கள். அக்கிலீஸ் கொன்ற தன் மகன் ஹெக்டரின் உடலைக் கேட்டு வந்த டிராய் மன்னர், கிழவர் பிரியாமோடு அவனும் சேர்ந்து அழும் இடத்தை அடுத்த வாரம் வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழாசிரியர்,
பென்னாகரம், தருமபுரி மாவட்டம்.