மூடா ஆற்றுப் பேச்சில் எங்களுக்கும் ஓர் இடம்

மாண்புமிகு கெடா மந்திரி பெசார் அவர்களுக்கும் பினாங்கு முதலமைச்சர் அவர்களுக்கும், கோலா கெட்டில் தோட்டப்புறத்திலிருந்து வணக்கம்.

எங்கள் ஊரையொட்டி ஓடும் கெட்டில் ஆறு மூடாவில்தான் கலக்கிறது. மூடா நீருக்குக் கெடா பினாங்கிடம் கட்டணம் கேட்கிறது. இரு மாநில எல்லையில் ஓடும் ஆற்றில் தனக்கும் உரிமை உண்டு என்கிறது பினாங்கு. இரு தரப்பிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் ஆற்றோரம் குடியிருப்பவர்களை யாரும் கேட்கவில்லை.

இது பழைய வழக்கு. ஏறத்தாழ 4,500 ஆண்டுகளுக்கு முன், இன்றைய தெற்கு ஈராக்கில், லகாஷ், உம்மா என்ற இரு நகர அரசுகள் எல்லை வயலுக்காகவும் கால்வாய்க்காகவும் மோதின. வென்ற லகாஷ் கல்லில் செதுக்கி வைத்த காட்சி பாரிஸின் லூவர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது: வெட்டுண்ட தலைகளைக் கழுகுகள் கவ்விப் பறக்கின்றன. அந்த வெற்றியோடு பகை ஓய்ந்ததா? இல்லை. உம்மா தர வேண்டிய வாற்கோதுமைக் குத்தகைப் பங்கு பாக்கியாகி வட்டியோடு ஏறியது. மேல்மடையில் இருந்த உம்மா கால்வாய் நீரைத் திருப்பிவிட்டது. மீண்டும் போர். அந்த வயலில் ஏர் பிடித்தவன் பெயர் எந்தக் கல்லிலும் இல்லை.

காவிரிக்கு 1892இலும் 1924இலும் ஒப்பந்தங்கள் எழுதினார்கள். தமிழகத்துக்கு ஆண்டுக்கு 177.25 டி.எம்.சி. (ஒரு டி.எம்.சி. நூறு கோடி கன அடி) என்று உச்ச நீதிமன்றம் 2018இல் சொல்லும்வரை இழுபறி நீடித்தது. எத்தனை குறுவை நெற்பயிர் கருகியிருக்கும்!

எங்கள் பெற்றோர் காலத்தில் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயத்துக்கு ஒரே பொதுக்குழாய். திறப்பதும் மூடுவதும் தோட்ட நிர்வாகத்தின் கையில். இன்று வீட்டுக்கு வீடு மீட்டர் இருக்கிறது. ஆனாலும் மழை வலுத்தால் குழாயில் செம்மண் கலங்கி வருகிறது. தோம்பில் பிடித்து, படிகாரத்தைச் சுழற்றி, இரவு முழுவதும் தெளியவிட்டு, காலையில் மேல்நீரை மட்டும் முகந்து உலை வைக்கிறார்கள் எங்கள் பெண்கள். அடியில் விரல் கனத்துக்கு வண்டல்.

கூட்டரசு அரசமைப்புப்படி பொதுவாக ஆறு மாநிலத்தின் பொறுப்பு; 2005ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின் நீர் விநியோகம் கூட்டரசும் மாநிலமும் பகிரும் பொறுப்பு. ஒருவர் மற்றவரைக் கைகாட்டுவதற்கு இது வசதியாகிவிடக் கூடாது.

நாங்கள் கேட்பது இதுதான். கட்டணம் என்று ஒன்று முடிவானால், அதில் ஒரு பங்கை மூடாவுக்கு நீர் தரும் உலு மூடா காட்டைக் காக்கவும் ஆற்றோர ஊர்களின் குழாய்களைச் சீரமைக்கவும் ஒதுக்குங்கள். காடு அழிந்தால் இரு மாநிலங்களுக்கும் பங்கிட எதுவும் மிஞ்சாது. பேச்சுவார்த்தையில் தோட்டப்புற மக்களுக்கும் நெல் விவசாயிகளுக்கும் இடம் கொடுங்கள். எங்கள் பிரதிநிதிகளை என்று அழைக்கிறீர்கள் என்பதை எழுத்து மூலம் தெரிவிக்க வேண்டுகிறோம்.

இப்படிக்கு,
கோலா கெட்டில் தோட்டப்புறவாசி ஒருவர்