ஆனி ஓண்ட்ரா பாவம் இல்லை

அன்பு மகள் செல்விக்கு,

அம்மா எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம். பிராகில் குளிர் கூடிவிட்டது என்றாயே, காதை மூடாமல் வெளியே போகாதே.

இயக்குநர் ஹிட்ச்காக்கின் 'பிளாக்மெயில்' படம் பார்த்ததாக எழுதியிருந்தாய். கதாநாயகி ஆனி ஓண்ட்ராவுக்குக் குரல் கொடுத்தது வேறொருத்தி, ஆனி பாவம், அதோடு அவள் சினிமா வாழ்க்கை முடிந்திருக்கும் என்றும் எழுதியிருந்தாய். அதைப் படித்ததிலிருந்து உனக்குப் பதில் சொல்லியே ஆகவேண்டும் என்றிருக்கிறது.

ஆனி 1902-ல், இன்று போலந்தில் இருக்கும் டார்னூவில் பிறந்தவள். செக் குடும்பம், வளர்ந்தது நீ இருக்கும் பிராகில்தான். மௌனப் பட நாட்களில் கரெல் லமாச் இயக்க, ஓட்டோ ஹெல்லர் கேமரா பிடிக்க, வாட்ஸ்லாவ் வாசர்மன் கதை எழுத, நாலு பேரும் ஒரு செட்டாகச் சேர்ந்து படமெடுத்தார்கள். பேச்சே இல்லாததால் எந்த ஊர்ப் பெண்ணாகவும் அவளால் நடிக்க முடிந்தது. ஹிட்ச்காக்கின் 'தி மேங்ஸ்மேன்' படத்தில் பிரிட்டிஷ் தீவொன்றின் பெண்ணாகவே வந்தாள்.

1929-ல் வந்த 'பிளாக்மெயில்' மௌனப் படமாகத் தொடங்கி நடுவில் பேசும் படமானது. படத்தில் லண்டன் கடைக்காரர் மகளாக வருகிறவள் செக் வாடையில் ஆங்கிலம் பேசினால் எப்படி? பிறகு டப்பிங் பேசிச் சேர்க்கும் வசதி அன்று இல்லை. அதனால் ஜோன் பேரி என்ற நடிகை கேமராவில் விழாமல் ஓரமாக நின்று மைக்கில் வசனம் பேச, ஆனி அதே நேரத்தில் வாயசைத்தாள். சரி, அந்தக் காலைச் சாப்பாட்டுக் காட்சியை மறுபடி பார். கதாநாயகி முந்தின இரவு கத்தியால் செய்த கொலையைப் பற்றி, அது அவள் செய்தது என்று தெரியாமலே ஒருத்தி வம்பளக்கிறாள். மற்ற பேச்செல்லாம் மங்கி, 'கத்தி' என்பது மட்டும் ஓங்கிக் கேட்கிறது. ரொட்டி வெட்டச் சொல்கிறார் அப்பா. ஆனியின் கையிலிருந்து கத்தி துள்ளி விழுகிறது. அந்த நடுக்கம் முழுக்க அவளுடையது.

ஒலிச் சோதனைக்காக ஹிட்ச்காக் அவளோடு பேசும் துண்டுப் படம் ஒன்றும் இருக்கிறது. அவர் கேட்கும் கேள்வி எனக்குப் பிடிக்கவில்லை. அவள் வெட்கத்தில் முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரிக்கிறாள். அது அவளுடைய சொந்தக் குரல், நன்றாகத்தான் இருக்கிறது.

அதோடு முடிந்துவிடவில்லை, கண்ணு. அடுத்த வருடமே பெர்லினில் லமாச்சோடு சேர்ந்து தன் பெயரிலேயே கம்பெனி தொடங்கினாள். ஜெர்மனிலும் செக்கிலும் தானே பேசி நடித்தாள். 1933-ல் குத்துச்சண்டை வீரர் மாக்ஸ் ஷ்மெலிங்கை மணந்தாள். ஹிட்லர் ஆட்சிக்கு வந்த வருடமும் அதுதான். அவர்கள் ஜெர்மனியிலேயே இருந்துவிட்டார்கள். அந்த வருடங்களைப் பற்றி எனக்கு மனம் ஒப்பவில்லை. ஆனால் 1930-ஐ ஒட்டி அவள் காட்டிய தைரியத்தை நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

செக் நகைச்சுவை நடிகர் விளாஸ்டா புரியானோடு அவள் நடித்த 'ஓன் அ யேஹோ செஸ்த்ரா' (1931) என்ற செக் படம் அங்கே எங்காவது ஓடினால் போய்ப் பார். உனக்குத்தான் இப்போது செக் புரிகிறதே. ஆனி பேசுகிற வசனங்களை ஞாயிற்றுக்கிழமை போனில் எனக்கு ஒவ்வொன்றாகச் சொல்லு.

அன்புடன்,
அம்மா