வெள்ளம் வடிந்த ஊரின் நடிகர்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

மழை வெள்ளமும் திரையும் குறித்துத் தங்கள் ஞாயிறு இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். அதில் இடம்பெறாத ஒருவரைப் பற்றிச் சொல்ல விரும்புகிறேன். அவர் அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸ் நகரத்து நடிகர் வெண்டல் பியர்ஸ்.

2005 ஆகஸ்ட் 29 அன்று கத்ரினா புயலில் கரைச்சுவர்கள் உடைந்து, அந்நகரின் ஏறத்தாழ 80 விழுக்காடு நீரில் மூழ்கியது. நிறப் பாகுபாடு சட்டமாகவே இருந்த 1950-களில், கறுப்பினக் குடும்பங்கள் சொந்த வீடு வாங்குவதற்கென உருவான பான்சர்ட்ரெய்ன் பார்க் குடியிருப்பில்தான் பியர்ஸ் வளர்ந்தார். அங்கிருந்த அவருடைய பெற்றோரின் வீடும் தப்பவில்லை. 2007 நவம்பரில், இடிந்து கிடந்த வீடுகளுக்கு நடுவே, நடுத்தெருவில், வராத ஒருவருக்காக இருவர் காத்துக்கொண்டே இருப்பதைச் சொல்லும், சாமுவேல் பெக்கெட்டின் 'கோதோவுக்காகக் காத்திருத்தல்' நாடகத்தில் அவர் நடித்தார். வராத உதவிக்காக இரண்டு ஆண்டுகள் காத்திருந்த மக்களுக்கு அந்த நாடகத்தை யாரும் விளக்க வேண்டியிருந்திருக்காது.

கத்ரினாவுக்குப் பிந்தைய நியூ ஆர்லியன்ஸைக் காட்டி, 2010 முதல் 2013 வரை வந்த 'ட்ரெமே' தொலைக்காட்சித் தொடரில், டிராம்போன் என்னும் பித்தளை ஊதுகருவியை வாசித்துப் பிழைக்கும் அந்துவான் என்பவராக அவர் வருகிறார். புயலுக்குப் பின் முதன்முறையாகக் கிளம்பும் தெரு ஊர்வலத்துக்கு டாக்சியில் வந்திறங்கி, வாடகைக்குக் காசு போதாமல் ஓட்டுநரிடம் பேரம் பேசிவிட்டு, ஓடிப்போய் வாத்தியக்காரர்களோடு சேர்ந்துகொள்ளும் அந்த ஒரு காட்சியிலேயே ஊரின் வறுமையும் வீம்பும் தெரிந்துவிடுகின்றன. டிராம்போனின் ஒலி அவ்வூர் இசைக்கலைஞர் ஒருவருடையது. அதைப் பிடிக்கும் விதத்தையும் மூச்சின் அசைவையும் பியர்ஸ் கற்றுக்கொண்டு நடித்தார். அவ்வூர்ச் சாவு ஊர்வலத்தில் இடுகாடு வரை மெதுவாகத் துக்க இசை வாசித்துச் செல்பவர்கள், அடக்கம் முடிந்ததும் துள்ளலான இசையோடு ஆடிக்கொண்டு திரும்புவார்கள். பறையும் கானாவுமாக இறந்தவரை வழியனுப்பும் வடசென்னையின் வியாசர்பாடி, புளியந்தோப்புத் தெருக்களை அறிந்த எவருக்கும் அது அந்நியமாகத் தோன்றாது.

நடிப்போடு அவர் நிற்கவில்லை. தம் பகுதியில் மீண்டும் வீடுகள் எழும்புவதற்காக ஓர் அமைப்பையே தொடங்கி உழைத்தார்.

நம் படங்களில் வடசென்னை பெரும்பாலும் வெட்டுக்கத்தியோடுதான் வருகிறது. ஆனால் இப்படிப்பட்ட கலைஞர்கள் நம் ஊரிலும் இருக்கிறார்கள்; எங்கள் பகுதியிலேயே ஒருவரைக் கண்டேன். 2015 டிசம்பர் 1 இரவு அடையாற்று வெள்ளம் புகுந்த சைதாப்பேட்டைத் தெருக்களில் எங்களுடையதும் ஒன்று. தண்ணீர் வடிந்த மூன்றாம் நாள், பக்கத்து வீட்டுப் பறைக் கலைஞர், சேறு படிந்து தோல் தொய்ந்துபோன தம் பறையைக் கழுவி, எங்கிருந்தோ தேடிக் கொண்டுவந்த காய்ந்த அட்டைகளைக் கொளுத்திச் சூடு காட்டி, ஒலி திரும்புகிறதா என்று விரலால் சுண்டிச் சுண்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். வீட்டுக்குள் அரிசி கூட இல்லாத நாள் அது.

இத்தகையவர்களைத் தங்கள் செய்தியாளர்கள் வரும் மழைக்காலத்துக்கு முன்பாகவே நேரில் கண்டு பேசி, ஒரு தொடராக வெளியிட வேண்டுமெனக் கேட்டுக்கொள்கிறேன். திரைத்துறையினரும் தங்கள் இதழைப் படிக்கிறார்கள்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
சைதாப்பேட்டை, சென்னை.