மாக்கியவெல்லியின் சிரிப்பும் ஒரு படக்குறிப்பும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பில் மறுமலர்ச்சிக் காலம் பற்றி வந்த இரண்டு பக்கக் கட்டுரையைப் படித்தேன். “ஓவியர்கள் அழகைத் தேடினார்கள், விஞ்ஞானிகள் உண்மையைத் தேடினார்கள், மாக்கியவெல்லி மட்டும் சூழ்ச்சியைத் தேடினார். அவருடைய உதட்டோரச் சிரிப்பே அதற்குச் சாட்சி” என்று அதில் ஒரு வரி. பக்கத்திலேயே, ‘இளவரசன்’ என்ற அரசியல் நூலை எழுதிய அந்த மாக்கியவெல்லியின் சிரிப்புப் படமும்.

அந்தப் படத்தை வரைந்தவர் சாந்தி டி டிட்டோ. அவர் பிறந்தது 1536-இல். மாக்கியவெல்லி கண்ணை மூடியது 1527-இல். நேரில் பார்த்தே இராத ஒருவருக்கு ஓவியர் வைத்துவிட்ட சிரிப்பைக் கொண்டு உங்கள் கட்டுரையாளர் குணம் சொல்லியிருக்கிறார். தாங்கள் அறியாததல்ல. வேலைப்பளுவில் கண்ணில் படாமல் போயிருக்கும்.

சரி, சிரிப்பை விடுங்கள். அழகு இவருக்கு, உண்மை அவருக்கு, சூழ்ச்சி இன்னொருவருக்கு என்று பாகப்பிரிவினை செய்தாரே, அதைத்தான் தாங்க முடியவில்லை. அன்றைய இத்தாலியின் பிளாரன்ஸ் நகரக் குடியரசில் அப்படி எதுவும் பிரிந்து கிடக்கவில்லை. மாக்கியவெல்லி 1498-இல் அந்தக் குடியரசின் அரசு அலுவலகத்தில் செயலராகச் சேர்ந்தவர். 1502-இல், போப்பின் மகனும் படைத்தலைவனுமான செசாரே போர்ஜியாவிடம் தூது போய் இமோலா நகரில் மாதக்கணக்கில் காத்துக் கிடந்தார். அதே ஆண்டு அதே போர்ஜியாவிடம் போர்ப் பொறியாளராகச் சம்பளம் வாங்கியவர் லியோனார்டோ டாவின்சி. அவர் போட்ட இமோலா வரைபடம் இன்றும் இருக்கிறது. ஊரை நேர் மேலிருந்து பார்ப்பதுபோல், தெருத்தெருவாக அளந்து, வண்ணம் தீட்டி வரைந்தது. அது ஓவியமா, அறிவியலா, போர்த் தளவாடமா? கட்டுரையாளர் அதை எந்தப் பாகத்தில் சேர்ப்பார் என்று கேட்டுச் சொல்லுங்கள்.

அடுத்த ஆண்டே பிளாரன்ஸுக்கு, ஆர்னோ ஆற்றின் கீழ்ப்பக்கத்து நகரமான பைசாவோடு சண்டை முற்றியது. ஆர்னோ ஆற்றையே திருப்பிவிட்டு பைசாவுக்குக் கடல் வழியை அடைத்துவிடலாம் என்று ஒரு திட்டம். யோசனையில் லியோனார்டோ இருந்தார். அலுவலகத்தில் உட்கார்ந்து அதை நடத்தியவர்களில் மாக்கியவெல்லி முக்கியமானவர். 1504-இல் வேலை தொடங்கியது. வெட்டிய கால்வாயின் அடிமட்டம் ஆற்றின் அடிமட்டத்தைவிட மேலே நிற்கிறதோ என்று பயந்து அவர் பொறியாளருக்கு எழுதிய கடிதம் இருக்கிறது. வாய்க்கால் மட்டத்துக்காக வெட்டு குத்து வரை போகிற எங்கள் டெல்டாவில் இதன் அர்த்தத்தை யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. கடைசியில் மழை வந்து கரைகளை அடித்துக்கொண்டு போனது, திட்டம் கைவிடப்பட்டது.

இதை நான் பத்தாம் வகுப்பில் கரும்பலகையில் ஆறு வரைந்து காட்டிச் சொன்னபோது ஒரு மாணவி எழுந்து, “டீச்சர், படம் வரையறவருக்கு ஆத்துல என்ன வேலை?” என்று கேட்டாள். அந்தக் காலம் முழுவதையும் அந்த ஒரு கேள்வியை வைத்தே சொல்லிக் கொடுத்துவிடலாம். உங்கள் கட்டுரையாளருக்கு அது தோன்றவில்லை. எங்கள் பாடநூலும் அப்போது மறுமலர்ச்சியை இரண்டு பத்திகளில் முடித்து, கீழே ‘பொருத்துக’ கொடுத்திருந்தது: டாவின்சி – மோனாலிசா, மாக்கியவெல்லி – இளவரசன், கலிலியோ – தொலைநோக்கி. பொருத்தினால் இரண்டு மதிப்பெண். அந்தப் பொருத்துகவைப் படித்து வளர்ந்தவர்கள்தான் இன்றைக்குக் கட்டுரை எழுதுகிறார்கள் என்று என்னைத் தேற்றிக்கொள்கிறேன்.

‘இளவரசன்’ நூலைப் பிரித்தாவது பார்த்தாரா என்றும் தெரியவில்லை. காணிக்கை உரையிலேயே மாக்கியவெல்லி ஓவியர்களைத்தான் துணைக்கு அழைக்கிறார். நிலக்காட்சி வரைகிறவர்கள் மலையைப் பார்க்கச் சமவெளியில் இறங்கி நிற்பார்கள், சமவெளியைப் பார்க்க மலையேறுவார்கள், அதுபோல் அரசர்களைச் சரியாக அறிய மக்களில் ஒருவனாக இருக்க வேண்டும் என்கிறார். 25-ஆம் அத்தியாயத்தில் விதியை வெள்ளம் புரண்ட ஆறு என்கிறார். அமைதியான காலத்தில் கரை கட்டாதவன் வெள்ளத்தைக் குறை சொல்லி என்ன பயன் என்கிறார். ஆர்னோவின் கரையில் கையைச் சுட்டுக்கொண்ட அதிகாரி எழுதிய வரி அது என்றுதான் நான் எப்போதும் வாசித்திருக்கிறேன்.

அந்த மனிதர் அதற்குக் கொடுத்த விலையும் உங்கள் கட்டுரையில் இல்லை. 1512-இல், முன்பு பிளாரன்ஸில் அதிகாரம் செலுத்திய மெடிசி குடும்பம் திரும்பி வந்ததும் வேலை போனது. அடுத்த ஆண்டு சதி வழக்கில் சேர்த்து, கையைப் பின்னால் கட்டிக் கயிற்றில் தூக்கிச் சித்திரவதை செய்தார்கள். ‘இளவரசன்’ அதற்குப் பிறகு, ஊருக்கு வெளியே பண்ணை வீட்டில் எழுதியது. அச்சானது 1532-இல், அவர் இறந்த பிறகு. குடியரசை ஆதரித்து பண்டைய ரோமானிய வரலாற்றாசிரியர் லிவியின் வரலாற்றுக்கு அவர் எழுதிய விரிவான உரைகளை யார் தொடுகிறார்கள்? தேர்தல் வந்தால் போதும், கட்சி மாறுகிற ஒவ்வொருவரையும் ‘நவீன மாக்கியவெல்லி’ என்று நீங்கள் தலைப்பிடுகிறீர்கள். பதவிக்காகக் கட்சி மாறியவருக்கும் ஆட்சி மாறியதால் பதவி பறிபோனவருக்கும் ஒரே பட்டம்.

கலிலியோ விஷயத்திலும் இதே கதைதான். முன்பு உங்கள் அறிவியல் பக்கத்தில் அவரை அரண்மனைப் பக்கம் தலைவைத்தும் படுக்காதவர்போல் எழுதியிருந்தீர்கள். வியாழனின் நான்கு நிலவுகளைக் கண்டதும் அவற்றுக்கு ‘மெடிசி நட்சத்திரங்கள்’ என்று பெயர் வைத்து, 1610-இல் நூலை மெடிசி ஆட்சியாளர் இரண்டாம் கோசிமோவுக்குக் காணிக்கையாக்கி, அவருடைய அரசவைக்குப் போனவர் அவர் என்று எழுதி அனுப்பினேன். ஒளியும் நிழலும் வரையக் கற்றிருந்ததால்தான் நிலாவின் கறைகள் அவருக்கு மலையாகவும் பள்ளமாகவும் தெரிந்தன, அவருக்குச் சில மாதம் முன்பே இங்கிலாந்தில் தொலைநோக்கி வழியே நிலாவை வரைந்த தாமஸ் ஹாரியட்டுக்கு அப்படித் தெரியவில்லை என்றும் விளக்கியிருந்தேன். அக்கடிதம் “கலிலியோ கட்டுரை அருமை. இதுபோல் மேலும் வெளியிடவும்” என்று அச்சானது. அப்படி ஒரு வாக்கியத்தை நான் எழுதவே இல்லை. ஆனாலும் என் பெயரைப் பிழையில்லாமல் போட்டிருந்தீர்கள், அதற்கு நன்றி.

மைக்கேலாஞ்சலோவின் தாவீது சிலைக்கு ‘மனித உடலின் பேரழகு’ என்று மட்டும் குறிப்பு போட்டிருக்கிறீர்கள். கொடுங்கோலர்களுக்கு எச்சரிக்கையாக அரசு மாளிகை வாசலில் நிறுத்திய சிலை அது. எங்கே வைப்பது என்று 1504-இல் கூடிப் பேசியவர்களில் லியோனார்டோவும் போட்டிசெல்லியும் உண்டு. 1527-இல் மெடிசிக்கு எதிரான கலகத்தில் மாளிகையிலிருந்து வீசிய பெஞ்சு பட்டு அதன் இடது கை உடைந்தது. அரசியலுக்கும் சிலைக்கும் சம்பந்தம் இல்லையாம்!

இத்தனைக்கும் பிறகு நான் கேட்கப்போவது ஒரே ஒரு வரிதான். இரண்டாம் பக்கத்தில் குதிரைகள் மோதும் படத்துக்குக் கீழே ‘லியோனார்டோ வரைந்த அங்கியாரிப் போர்’ என்று இருக்கிறது. அது பிற்கால ஓவியர் ரூபன்ஸின் கைவேலை, பாரிஸ் லூவர் அருங்காட்சியகத்தில் உள்ளது. அதுவும் வேறொரு நகலைப் பார்த்து வரைந்ததே. மூல ஓவியம் குடியரசின் பேரவை மண்டபச் சுவரில் பாதியில் நின்றுபோனது. அதற்கான 1504 மே ஒப்பந்தத்தில் சாட்சியாக இருந்தவர், நீங்கள் சூழ்ச்சிக்காரர் என்கிற அதே மாக்கியவெல்லி. மெடிசிகள் திரும்பியதும் மண்டபம் படைவீரர்களின் தங்குமிடமானது. பின்னர் மெடிசி ஆட்சியாளர் முதலாம் கோசிமோவின் ஆணைப்படி ஓவியர் வசாரி அங்கே அவருடைய வெற்றிகளை வரைந்து நிரப்பினார். ஜெர்மனியில் இருக்கும் மகள் கூட்டிப்போய்க் காட்டியதில் அந்தச் சுவரைக் கழுத்து வலிக்க அண்ணாந்து பார்த்தவள் நான். லியோனார்டோவின் ஒரு கோடுகூடக் கண்ணில் படாது.

எனவே அடுத்த ஞாயிறு ‘திருத்தம்’ பகுதியில் “அங்கியாரிப் போர்ப் படம் ரூபன்ஸ் வரைந்த நகல்” என்று போட்டுவிடுங்கள். இடப் பற்றாக்குறையால் இந்தக் கடிதத்தை வெட்ட வேண்டியிருந்தால் தாராளமாக வெட்டுங்கள். ஆனால் “கட்டுரை அருமை” என்று மட்டும் சேர்த்துவிடாதீர்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் சந்தாதாரர்,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியை,
மயிலாடுதுறை.