பேய்ப்படத்துக்குப் புகை எதற்கு?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

நம் ஊர்ப் பேய்க் குறும்படங்களில் நீல விளக்கும் புகையும் தவறாமல் வந்துவிடுகின்றன. எடுக்கும் தம்பிகள் ஜப்பானிய ஒளிப்பதிவாளர் ஜுனிசிரோ ஹயாஷியின் வேலையைப் பார்க்க வேண்டும். 'ரிங்கு' (1998), 'கைரோ' (2001), 'டார்க் வாட்டர்' (2002) மூன்றுக்கும் கேமரா அவர்தான். நடுவில் உள்ளது கியோஷி குரோசாவா இயக்கியது; மற்றவை ஹிதியோ நகாட்டாவுடையவை.

'ரிங்கு'வில் வரும் பேய் சடாகோவின் கோணல் நடை, நடிகையைப் பின்னோக்கி நடக்கவிட்டுப் படம்பிடித்துத் திருப்பி ஓட்டியது. காசு செலவில்லாத உத்தி. ஆனால் மின்விசிறியை நிறுத்திவிட்டு எடுங்கள். ஃபிரேமில் ஊதுபத்தி இருந்தாலும், திருப்பி ஓட்டும்போது புகை மேலிருந்து கீழே இறங்கி, குட்டு உடைந்துவிடும்.

'கைரோ'வில் உருவம் அறைக் கோடியில், முகம் பிடிபடாத இருட்டில் நிற்கும். எங்களுக்கு மூன்றிலும் இதுதான் உசத்தி. மாசி வீதிப் பழைய வீட்டு ரேழியே இதற்குப் போதும். முகத்துக்கு விளக்கு வேண்டாம், பின்சுவரில் லேசான வெளிச்சம் விழட்டும். இருட்டுக்குப் பயந்து ஐஎஸ்ஓவை (கேமராவின் ஒளி உணர்திறனை) ஏற்றினால் கறுப்பில் புள்ளி மொய்க்கும். விளக்கைக் கூட்டி, ஒரு ஸ்டாப் (அதாவது இரு மடங்கு வெளிச்சம்) தூக்கலாகவே எடுத்து, பிறகு கிரேடிங்கில் (எடுத்த படத்தின் நிறம், வெளிச்சத்தைத் திருத்தும் வேலையில்) இறக்குங்கள். கேமரா தானாக மாற்றிவிடாதபடி எக்ஸ்போஷரை (படத்தின் வெளிச்ச அளவை)ப் பூட்டாவிட்டால் கதவு திறந்ததும் படம் குபீரென்று மங்கும். பயம் அங்கேயே போச்சு. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். ஷட்டர் வேகம் 1/60 நொடியில் கிடந்தால் டியூப்லைட் மினுக்கும், 1/50 வையுங்கள்.

இப்படிக்கு,
குறும்பட ஒளிப்பதிவாளர்கள் சிலர்,
மதுரை.