சேப்பாக்கத்து நண்பனுக்கு

காரைக்குடி,
மாசி மாதம்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. முழங்கால் வலி குறைந்திருப்பதில் சந்தோஷம். இங்கே எல்லோரும் சுகம். தம்பி மகளுக்கு வைகாசியில் கல்யாணம், பெரிய வீட்டில்தான். பங்காளிகள் சேர்ந்து ஓடு மாற்றிக்கொண்டிருக்கிறோம். பத்திரிகை தனியாக வரும்.

கல்லூரிப் பிள்ளைகள் சிலர் பழைய மெட்ராஸ் டி.வி. பற்றிக் கேட்க வந்ததாகவும், "கேமராவுக்குப் பின்னால் இருந்தவன் நான், சொல்ல என்ன இருக்கிறது" என்று அனுப்பிவிட்டதாகவும் எழுதியிருந்தாய். படித்ததிலிருந்து எனக்கு மனசு ஆறவில்லை.

1975 ஆகஸ்ட் 15ஆம் தேதி நிலையம் தொடங்கியது. அந்த வருஷக் கடைசியில் உன்னைப் பார்க்க வந்தேன். புனேயில் பயிற்சி முடித்துவிட்டு வந்த புதிது உனக்கு. நீ கேமராமேன்களுக்கு உத்தரவு கொடுக்கும் அறையான பேனலில் ஒரு மூலையில் என்னை உட்கார வைத்தாய். எதிரே வரிசையாகக் கறுப்பு வெள்ளை மானிட்டர்கள். "டூ, இன்னும் கொஞ்சம் டைட். த்ரீ, வீணை விரலைப் பிடி. ரெடி... கட்." நீ பேசியதெல்லாம் கேமராமேன்களின் காதுக்குள் மட்டும். கீழே ஃப்ளோர் மேனேஜர் விரலைக் காட்டி மிச்ச நேரம் சொல்லிக்கொண்டிருந்தார். நேரடி ஒளிபரப்பு, தவறினால் திருத்த வழியில்லை. பாடிக்கொண்டிருந்த அம்மாள் கண்ணை மூடிய அந்த நொடியில் அடுத்த கேமராவுக்குப் போக வேண்டும் என்றுதான் தாளில் குறித்திருந்தாய். போகவில்லை. அந்த முகத்திலேயே நின்றுவிட்டாய். வீட்டில் இருந்து பார்த்தவர்கள் அந்த அம்மாளின் பாட்டைப் புகழ்ந்திருப்பார்கள். ஆனால் அவர்களை அந்த முகத்தைப் பார்க்க வைத்தவன் நீ. இதை நான் கண்ணால் கண்டவன்.

கலர் வந்தபிறகு யூனிட்டோடு எங்கள் வீட்டுக்கு வந்தாயே, அதைச் சொல்லாமல் இருக்க முடியாது. முட்டை வெள்ளைக்கரு சேர்த்துப் பூசிய சுண்ணாம்புச் சுவர். விளக்கைப் போட்டதும் கண்ணாடி மாதிரி திருப்பி அடித்தது. கேமராவைத் திருப்பும்போதெல்லாம் மானிட்டரில் வெள்ளைக் கோடு ஒன்று வால் பிடித்துக்கொண்டே வந்தது. நீ விளக்குகளை அணைக்கச் சொன்னாய். எங்கள் ஆத்தாவிடம் எட்டு முழ வேட்டிகளை வாங்கி, வளவுக்கு மேலே வானம் தெரியும் இடத்தில் குறுக்கே கட்டச் சொன்னாய். வெயில் கூச்சம் போய், தூணும் தரையும் துலக்கமாகத் தெரிந்தன. ஆத்தாவோ "அடுப்படிப் பக்கம் யாரும் வராதீக" என்று விரட்டிக்கொண்டே இருந்தாள். அன்று காலை முழுக்க ஒன்றுமே எடுக்காமல் கேமராமேனைத் தாழ்வாரத்தில் சும்மா உட்கார வைத்தாய். மத்தியானம் அவள் கேமரா இருப்பதையே மறந்துபோய், பாகை விரலில் தொட்டுப் பதம் பார்த்து மனகோலப் பலகாரம் பிடிக்கத் தொடங்கினாள். அப்போதுதான் கையைக் காட்டினாய்.

அந்த டேப் இன்று இல்லை. யூமாட்டிக் என்ற அந்த வீடியோ கேசட் வெளிநாட்டுச் சரக்கு, விலை அதிகம். ஒளிபரப்பானதும் அதன்மேலேயே அடுத்ததைப் பதிவது அந்தக் காலத்து வழக்கம். பி.பி.சி.யே அப்படித்தான் செய்தது. அதனால் யார்மேலும் எனக்குக் கோபம் இல்லை. ஆனால் டேப் போன பிறகு, அது எப்படி எடுக்கப்பட்டது என்பது உன் தலைக்குள் மட்டும்தானே இருக்கிறது?

நம் ஊரையே பார். ஏவி.எம். மெய்யப்பச் செட்டியார் தேவகோட்டை ரஸ்தாவில் கொட்டகை போட்டுப் படம் எடுத்தார். 'நாம் இருவர்' 1947இல் வந்தது. பிறகு ஸ்டூடியோ வடபழனிக்குப் போய்விட்டது. அங்கே செட் போட்ட ஆசாரிகள் யார், விளக்குப் பிடித்த பையன்கள் யார் என்று இன்றைக்கு ஊரில் கேட்டால் சொல்ல ஆளில்லை. எங்கள் அப்பச்சிக்குத் தெரியும். நாங்கள் கேட்டு வைக்கவில்லை.

வெள்ளிக்கிழமை 'ஒளியும் ஒலியும்' போட்டால் தெருவில் ஆள் நடமாட்டம் இருக்காது. அதைத் தொகுத்தவர் பெயர் பார்த்தவர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? 'வயலும் வாழ்வும்' நிகழ்ச்சியில் கேமராவைக் கண்டு விறைத்துப்போன விவசாயியை எப்படிப் பேச வைத்தீர்கள்? எழுத்து அட்டைகளைக் கையால் எழுதிய ஓவியர் யார்? பாதி நிகழ்ச்சியில் கரண்ட் போனால் பேனலில் என்ன செய்வீர்கள்? எனக்கே இவ்வளவு கேட்கத் தோன்றுகிறது. அந்தப் பிள்ளைகளுக்கு இன்னும் எவ்வளவு இருக்கும்!

பங்குனியில் கம்பன் விழா வருகிறது. மக நட்சத்திரத்தில் தொடங்கி, அத்தத்தன்று நாட்டரசன்கோட்டையில் கம்பன் சமாதியில் முடியும். பல்லவன் ரயிலில் ஏறினால் ராத்திரிச் சாப்பாட்டுக்கு இங்கே இருப்பாய். பரண்மேல் பழைய ஷூட்டிங் டைரிகள் இருந்தால் மறக்காமல் எடுத்து வா. அந்தப் பிள்ளைகளுக்கும் ஒரு ஃபோன் போட்டு வரச் சொல். முகப்பில் உட்கார்ந்து நீ பேசு, அவர்கள் ரெக்கார்ட் செய்துகொள்ளட்டும். எத்தனை பேர் வந்தாலும் படுக்க இடம் இருக்கிறது. எந்தத் தேதி என்று மட்டும் எழுது, ஸ்டேஷனுக்கு வண்டி அனுப்புகிறேன்.

அன்புடன்,
உன் பழைய அறைத் தோழன்