அவர்கள் ஜப்பானிலிருந்து வந்தவர்கள் அல்ல

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

சென்ற ஞாயிறு இதழில் டைக்கோ என்னும் ஜப்பானிய முரசு அடிக்கும் குழு ஒன்றின் படத்தை அரைப் பக்கத்துக்குப் போட்டிருந்தீர்கள். படம் அருமை. கீழே இருந்த வரிதான் உறுத்துகிறது. "ஆயிரம் ஆண்டுப் பழமையான கலையை அமெரிக்காவுக்குக் கொண்டுவந்திருக்கும் ஜப்பானியர்கள்" என்று எழுதியிருக்கிறீர்கள். நான் கலிஃபோர்னியாவில் சான் ஹொசேயில் பதினோரு வருடமாக இருக்கிறேன், இந்த மாதிரிக் குழுக்களை வருடம் தவறாமல் பார்க்கிறேன். அடிப்பவர்களில் பெரும்பாலானவர்கள் இங்கேயே பிறந்து வளர்ந்தவர்கள், பலருக்கு ஜப்பானிய மொழியே சரியாக வராது, ஜப்பானிய வம்சாவளியே இல்லாதவர்களும் உண்டு.

முரசு பழசுதான், யார் இல்லை என்றார்கள்? கோயிலிலும் ஊர்த் திருவிழாவிலும் காலங்காலமாக அடித்திருக்கிறார்கள். ஆனால் சின்னதும் பெரிதுமாகப் பல முரசுகளை மேடையில் நிறுத்தி, பத்துப் பதினைந்து பேர் உடம்பை வளைத்து ஒன்றாக அடிக்கிறார்களே, அந்தக் கூட்டு வாசிப்பு 1951-இல்தான் தொடங்கியது. ஜப்பானின் நாகானோ பகுதியில் டைஹாச்சி ஒகுச்சி என்றொருவர், அவர் அடிப்படையில் ஜாஸ் டிரம்ஸ் வாசிப்பவர். சுவா கோயில் முரசுக்கான பழைய குறிப்பு ஒன்று கைக்கு வந்தபோது, இதை ஏன் ஒற்றை முரசில் அடிக்க வேண்டும், டிரம்ஸ் செட்டில் இருப்பதுபோல் ஆளுக்கொரு அளவு முரசாகப் பிரித்துக் கொடுத்தால் என்ன என்று யோசித்திருக்கிறார். ஆக, உங்கள் "ஆயிரம் ஆண்டு" கலைக்குள்ளேயே கொஞ்சம் அமெரிக்க ஜாஸ் இருக்கிறது.

இங்கே அது வேரூன்றிய கதை இன்னும் சுவாரசியம். 1968-இல் செய்இச்சி தனாகா சான் பிரான்சிஸ்கோவில் ஒரு பயிற்சிக் கூடம் தொடங்கினார், அவர் ஜப்பானிலிருந்து வந்தவர், அந்த அளவுக்கு உங்கள் வரி சரி. அடுத்த வருடமே லாஸ் ஏஞ்சலஸில் சென்ஷின் புத்த கோயிலில் நடந்தது வேறு மாதிரி. முன்னோரை நினைக்கும் ஓபோன் திருவிழா முடிந்து சாமான்களை ஒழுங்கு செய்துகொண்டிருந்தவர்கள், கோயில் முரசை உள்ளே எடுத்து வைக்கும் முன் சும்மா தட்ட ஆரம்பித்து மணிக்கணக்கில் நிறுத்தவில்லையாம். அப்படிப் பிறந்ததுதான் கின்னாரா டைக்கோ. பெயரைக் கவனித்தீர்களா? நம் கந்தர்வர், கின்னரர் என்று சொல்கிறோமே, அதே கின்னரர்தான், புத்த மதத்தோடு ஜப்பான் போய் அங்கிருந்து லாஸ் ஏஞ்சலஸ் வந்திருக்கிறார்கள்.

ஒரே மரத்தைக் குடைந்து செய்யும் ஜப்பானிய முரசை வாங்க அவர்களுக்கு வசதியில்லை. கலிஃபோர்னியாவில் தாராளமாகக் கிடைப்பது ஒயின் பீப்பாய். அதை வாங்கித் தேய்த்து, மாட்டுத் தோலை ஊறவைத்து இழுத்துப் பிடித்து ஆணி அடித்து, தாங்களே முரசு கட்டினார்கள். இன்றும் இங்கே எத்தனையோ குழுக்கள் பீப்பாய் முரசில்தான் அடிக்கின்றன.

சான் ஹொசே டைக்கோ 1973-இல் வந்தது. அதில் சேர்ந்த ஜப்பானிய வம்சாவளிப் பிள்ளைகளின் பெற்றோர் பலர், இரண்டாம் உலகப் போரின்போது 1942 முதல் அமெரிக்க அரசால் முள்வேலி முகாம்களில் அடைக்கப்பட்டவர்கள். சுமார் 1,20,000 பேரை அப்படி அடைத்தார்கள், அதில் மூன்றில் இரண்டு பங்கு அமெரிக்கக் குடிமக்கள். வெளியே வந்த பிறகு பலர் அதைப் பற்றி வீட்டில் வாயே திறக்கவில்லை. சத்தமில்லாமல் வளர்க்கப்பட்ட பிள்ளைகள் போய் எதைக் கையில் எடுத்தார்கள் பாருங்கள்! இதை ஜப்பான் அனுப்பிவைத்த கலாசாரப் பரிசு போல எழுதினால் எப்படி?

அப்புறம் "பெருமை" என்ற சொல் உங்கள் படக் குறிப்பில் இரண்டு தடவை வருகிறது. ஜப்பானில் தோல் பதனிட்டு முரசு செய்தவர்களைப் பல நூற்றாண்டுகள் தீண்டாமல் ஒதுக்கிவைத்தார்கள். ஒசாகாவில் அப்படிப்பட்ட ஒரு பகுதியின் இளைஞர்கள் 1987-இல், இத்தனை காலம் செய்துமட்டும் கொடுத்த முரசை நாமே அடிப்போம் என்று குழு அமைத்தார்கள். அதன் பெயர் இக்காரி, அதாவது கோபம். பறை தெரிந்த வாசகர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை.

என் மகள் போன வருடம் வகுப்பில் சேர்ந்தாள். முதல் சில வாரம் முரசே தொடவில்லை, "டொன், டொன், டொக்கோ, கரா" என்று வாயால் சொல்லிக்கொண்டே வீட்டைச் சுற்றி வந்தாள், நம் சொற்கட்டு மாதிரிதான். வகுப்பில் பாதிக்கு மேல் பெண்கள். சொல்லிக்கொடுப்பவரும் பெண்தான், இந்த ஊரிலேயே பிறந்தவர். உங்கள் படத்தைக் காட்டி விவரம் சொன்னேன், சிரித்துவிட்டு, "எங்களை இங்கே எல்லாரும் அப்படித்தான் கேட்பார்கள், எப்போது ஜப்பானிலிருந்து வந்தீர்கள் என்று" என்றார். எனக்குத்தான் சங்கடமாகப் போயிற்று.

பெரிய மறுப்பெல்லாம் வேண்டாம். அடுத்த இதழில் இரண்டு வரி திருத்தம் போட்டால் போதும். ஜூலையில் இங்கே ஜப்பான்டவுனில் ஓபோன் நடக்கும், உங்கள் அமெரிக்க நிருபர் யாராவது இந்தப் பக்கம் இருந்தால் வரச்சொல்லுங்கள், நான் அழைத்துப் போகிறேன். பெரிய முரசுக்கு நேர் எதிரே மட்டும் நிற்க வேண்டாம், நெஞ்சுக்கூடு அதிரும்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
சான் ஹொசே, கலிஃபோர்னியா